எண்ணெய்க் கறை பார்த்து வாசித்த கதை

குற்றாலத்தில் பேரருவிக்குப் போகிற சாலையில் நிற்கிற மூன்று மாடி லாட்ஜ், நான் கட்டியது. அடியில் முழுப் பாறை. வெடி வைக்கக் கூடாது என்றார்கள். உளியை வைத்தே உடைத்தோம். தென்காசியில் கோபுரம் தெரிகிற தூரத்தில் இரண்டு கடைகள், நான் வாங்கியவை. பத்திரம் பதிகிற அன்று என் மச்சினனே வக்கீலைக் கூட்டிக்கொண்டு வந்து தடுத்தான். வடகரைப் பக்கம் மலையடியில் தென்னந்தோப்பு, நான் வைத்தது. யானை இறங்கிக் கன்றுகளைப் பிடுங்கிப் போட்டது. திரும்ப வைத்தேன். திரும்பப் பிடுங்கியது. திரும்பவும் வைத்தேன். இன்றைக்குக் காய்க்கிறது. யானைக்குத்தான் அலுத்துப்போனது.

இவ்வளவுக்கும் நான் படித்தது ஐந்தாம் வகுப்பு. அதிலும் சாரல் விழுகிற மாதங்களில் பள்ளிக்கூடம் போனதில்லை. அருவிக்கரையில் துண்டும் சோப்பும் விற்றேன்.

மாடி எழுப்பின கதையைப் போன வாரம் இங்கே எழுதியிருந்தேன். அதைப் படித்த வாசகர் ஒருவர் பத்திரிகைக்கு போன் போட்டுக் கேட்டிருக்கிறார்: ஐந்தாம் வகுப்புக்காரர் எப்படி இவ்வளவு எழுதுகிறார், பின்னால் யாராவது இருக்கிறார்களா என்று. நியாயமான சந்தேகம். அவர் இடத்தில் நான் இருந்தால் நேரிலேயே வந்து பார்த்திருப்பேன்.

எழுதுவதற்கு முன்னால் வாசித்தேன். துப்பறியும் கதை, பாம்பு, பாலம், பேய், வைத்தியம், கப்பல் என்று கண்டதையும் வாசித்தேன். யாரும் ஊட்டவில்லை. நானாகக் கண்டுபிடித்தேன். ஓர் இடத்தில் மட்டும் எனக்குத் தெரியாமல் ஒரு கை வேலை செய்திருக்கிறது. அதனால் என் மருமகள் பேத்தியைத் தூக்கிக்கொண்டு சிவகிரிக்குப் போவதா, எங்களோடு இருப்பதா என்கிற வரைக்கும் வந்தது. அந்தக் கையையும் நான்தான் கண்டுபிடித்தேன்.

ஏழாம் நம்பர் அறை

நோய்க்காலம் முடிந்து அருவியைத் திறந்துவிட்ட வருஷம். ஏழாம் நம்பர் அறையைக் காலி செய்துவிட்டு மதுரைக் குடும்பம் ஒன்று போனது. ஆள் போனதும் அறையை நானே பார்ப்பேன். பையன்களை நம்புவதில்லை. வாளி இருக்கிறதா, பல்பு இருக்கிறதா, டிவி ரிமோட்டுக்குள் பேட்டரி இருக்கிறதா. பேட்டரியை உருவிக்கொண்டு போகிறவர்கள் காரில் வருகிறவர்கள்தான்.

தலையணைக்கு அடியில் ஒரு புத்தகம் கிடந்தது.

லாட்ஜ் தொழிலில் ஒருத்தர் ஒரு பொருளை விட்டுவிட்டுப் போனால் அதற்குப் பின்னால் ஒரு சங்கதி இருக்கும். நான் பார்க்காததா? புத்தகத்தைத் தலைகீழாகப் பிடித்து உதறினேன். ஒரு பஸ் டிக்கெட்டும் செத்த கொசுவும் விழுந்தன. மோந்து பார்த்தேன். கற்பூரமும் ஓமமும் கலந்த வாடை. நம்ம ஊர் மசாஜ் எண்ணெய்.

குற்றாலத்துக்கு வந்தவர்களுக்குத் தெரியும். உடம்பு பூரா எண்ணெய் தேய்த்துக்கொண்டு, அது ஊறுகிற வரைக்கும் சும்மா இருந்துவிட்டு, அப்புறம்தான் அருவிக்குப் போவார்கள். அந்த ஊறுகிற நேரத்தில் அந்த ஆள் வாசித்திருக்கிறார். ஒவ்வொரு தாளின் கீழ் மூலையிலும் கட்டை விரல் அளவுக்குக் கண்ணாடி மாதிரி ஒரு கறை. புரட்டிக்கொண்டே போனேன். கறை கடைசித் தாள் வரைக்கும் போனது. கடைசிக்கு முந்தின தாளில் ஒரு விரல் இல்லை, முழுக் கையும் பதிந்திருந்தது.

அந்த இடத்தில் என்ன நடந்தது என்று தெரிந்துகொள்ள வேண்டும் போலிருந்தது. அதற்கு முதல் பக்கத்திலிருந்து வர வேண்டியிருந்தது. சினிமா போஸ்டரும் பஸ் போர்டும் வாசித்துப் பழகிய கண். மெதுவாகத்தான் போகும், உதடும் அசையும். நாலு நாள் ஆனது. ஒரு கொலை, ஒரு டாக்டர், அவர் தம்பி. முழுக் கை பதிந்த தாளுக்கு வந்தபோது என் கையும் அங்கேயே போய் அமுங்கியது.

புத்தகத்தின் பெயரைச் சொல்லச் சொல்லாதீர்கள். சொன்னால் கமிஷன் வாங்கிவிட்டான் என்பீர்கள். நானும் அப்படித்தான் நினைப்பேன்.

கண்காட்சியில் ஒரு கேள்வி

ருசி கண்டாயிற்று. தென்காசியில் புத்தகக் கண்காட்சி போட்டிருக்கிறார்கள் என்று கேள்விப்பட்டுப் போனேன். தென்காசி தனி மாவட்டமான பிறகு எல்லாம் வருகிறது, அதுவும் வந்தது. வாசலில் துணிப்பை சும்மா கொடுத்தார்கள். சும்மா கொடுப்பதை நான் நம்புவதில்லை.

ஒரு கடையில் நின்று ஒவ்வொரு புத்தகமாக எடுத்துப் பின்னட்டையைப் பார்த்தேன். எல்லாமே கையில் எடுத்தால் கீழே வைக்க முடியாதாம். முன்னுரை என்று ஒன்று வைத்திருக்கிறார்கள். அதை எழுதுகிறவர் எழுத்தாளருக்கு ஒன்று சிநேகிதர், இல்லாவிட்டால் சம்பந்தி. என் லாட்ஜ் நல்ல லாட்ஜ் என்று என் மச்சினன் போர்டு எழுதித் தந்தால் நீங்கள் தங்குவீர்களா?

கடைக்காரப் பையனிடம் ஒரு கேள்வி கேட்டேன். "தம்பி, இதை நீ வாசிச்சியா?"

"எல்லாமே நல்லாருக்கும் சார்."

"எல்லாமே நல்லாருக்கும்னு சொல்லுத ஓட்டல்ல நான் சாப்பிடுததே இல்லப்பா."

துணிப்பையையும் திருப்பிக் கொடுத்துவிட்டு வந்துவிட்டேன்.

அன்றைக்கு முடிவெடுத்தேன். முன்னுரை வேண்டாம், பின்னட்டை வேண்டாம். எவனோ ஒருத்தன் கை எண்ணெயோடு கடைசித் தாள் வரைக்கும் போயிருக்கிறானா, அந்தப் புத்தகத்தை மட்டும் வாசிப்பது. கறை முப்பதாம் பக்கத்தில் நின்றுவிட்டால் நானும் தொடுவதில்லை. வாசித்தேன் என்று பேச்சில் யாரும் அளக்கலாம். விரல் அளக்காது.

லாட்ஜில் விட்டுப் போகிற பொருளைச் சீசன் முடிகிற வரைக்கும் வைத்திருந்து, யாரும் கேட்டு வராவிட்டால் வேலைக்காரர்களுக்குக் கொடுத்துவிடுவது வழக்கம். குடை போகும், செருப்பு போகும், பவர் பேங்க் பறக்கும். புத்தகத்தை ஒருத்தரும் கேட்க மாட்டார்கள். அதெல்லாம் என் இரும்பு பீரோவுக்கு வந்தது.

பாம்புகளைப் பற்றி ஒன்று. ஆஸ்பத்திரியில் பிரேதப் பரிசோதனை செய்கிற டாக்டர் தன் கதையை எழுதினது ஒன்று. அதை வாசித்த பிறகு ஒரு வாரம் கோழிக்கறி தொடவில்லை. குளிர் தேசத்தில் அண்ணன் தம்பிகள் நிலத்துக்கு அடித்துக்கொள்கிற தடிமனான நாவல் ஒன்று. பெயர்கள்தான் வாயில் நுழையவில்லை. மற்றபடி அது எங்கள் வீட்டுக் கதை. பேய்க் கதைகள் ஒன்று. அதில் கறை கடைசி வரை இருந்தது, ஆனால் பாதிக்கு மேல் தாள்கள் ரொம்பக் கசங்கியிருந்தன. பயந்த ஆள் பாவம்.

சுடலையின் குப்பி

பாலம் கட்டுவதைப் பற்றி ஒரு பெரிய புத்தகம் கிடைத்தது. அப்படி ஒரு கறையை நான் பார்த்ததில்லை. முதல் தாளிலிருந்து கடைசித் தாள் வரைக்கும் ஊறிப்போயிருந்தது. எப்பேர்ப்பட்ட புத்தகமாக இருக்கும், படித்தவன் திரும்பத் திரும்பப் படித்திருக்கிறானே என்று உட்கார்ந்தேன். கடினம். தூண், சுமை, நீரோட்டம் என்று இடறி இடறிப் போனது. விடவில்லை. பார்க்கிறவர்களிடம் எல்லாம் என் கறைக் கணக்கோடு அந்தப் புத்தகத்தைச் சொன்னேன்.

எங்கள் லாட்ஜில் வருகிறவர்களுக்கு எண்ணெய் தேய்த்துவிடுகிற சுடலையிடமும் சொன்னேன். அவன் புத்தகத்தை வாங்கித் திருப்பிப் பார்த்தான்.

"அண்ணாச்சி, இது நான் எண்ணெக் குப்பிக்கு அடியில வச்சிருந்ததுல்லா. எந்த ரூம்லயோ கெடந்துச்சு. நல்ல கனமா இருக்கேன்னு எடுத்து வச்சேன். குப்பி ஒழுகிருச்சு."

ஆக, உலகத்தில் ஒருத்தர்கூட முழுசாக வாசிக்காத புத்தகத்தை நான் ஒருத்தன் வாசித்திருக்கிறேன். இதில் எனக்கு வெட்கம் ஒன்றும் இல்லை. ஆற்றுக்குள் தூண் இறக்குகிற அத்தியாயம் நன்றாகவே இருந்தது. பாறையில் கட்டடம் எழுப்பினவனுக்குத்தான் அதன் அருமை தெரியும்.

ஆனால் அதிலிருந்து உஷாரானேன். கறையின் வடிவத்தைப் பார்ப்பேன். கீழிருந்து ஊறினதா, விரல் பட்டதா? ஒரே விரலா, பல விரலா? வாடை என்ன?

முன்ஹால் விவகாரம்

என் மகன் ராணுவத்தில் இருக்கிறான், வடக்கே. மருமகள் தங்கச்செல்வியும் மூன்று வயதுப் பேத்தியும் எங்களோடு லாட்ஜின் பின்கட்டில் இருக்கிறார்கள். செல்வி சிவகிரிக்காரி, பட்டம் படித்தவள். கல்யாணத்துக்கு இரண்டு டிரங்குப் பெட்டி கொண்டுவந்தாள். தூக்கின பையன் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றான். வெண்கலப் பாத்திரமாக இருக்கும் என்று மொட்டை மாடித் தண்ணீர்த் தொட்டி அறையில் வைக்கச் சொன்னேன்.

ஒரு நாள் சாப்பாடு போடும்போது அவள் கேட்டாள். லாட்ஜுக்கு முன்னால் சாலையைப் பார்த்து ஒரு ஹால் இருக்கிறது. சீசனில் அதை வடகரை மைதீனுக்குச் சிப்ஸ் போட விடுவேன். அந்த ஹாலைத் தனக்குத் தர வேண்டும், புத்தகம் வைக்கப் போகிறேன் என்றாள். உட்கார்ந்து வாசிக்கலாம், பிடித்தால் வாங்கலாம்.

நான் சிரித்துவிட்டேன். குளிக்க வருகிற ஊர். வருகிறவன் நேந்திரம் சிப்ஸ் வாங்குவான், மங்குஸ்தான் வாங்குவான். புத்தகத்தை எவன் தொடுவான் என்றேன்.

அவள் சண்டை போடவில்லை. சிவகிரியில் ஒரு பள்ளிக்கூடத்தில் டீச்சர் ஒருத்தர் பிரசவத்துக்குப் போகிறார், அந்த இடத்துக்குத் தன்னைக் கூப்பிடுகிறார்கள், ஆடி கடைசிக்குள் பதில் சொல்ல வேண்டும் என்று மட்டும் சொன்னாள். போனால் அம்மா வீட்டில் இருந்துகொள்வாளாம். பேத்தியும் போகும். என் மனைவி பேச்சியம்மாள் கரண்டியை டங்கென்று வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

சத்தம் போட்டிருந்தால் எனக்குப் புரிந்திருக்கும். அமைதியாகச் சொன்னாள் பாருங்கள், அங்கேதான் எனக்கு இடித்தது. ஏதோ கணக்கு வைத்திருக்கிறாள் என்று நினைத்தேன்.

முதல் தாள் இல்லாத புத்தகங்கள்

அதற்குப் பிறகு ஒரு விசித்திரம். அறைகளில் புத்தகம் அதிகமாகக் கிடைக்க ஆரம்பித்தது. எல்லாவற்றிலும் கறை கடைசி வரைக்கும். எல்லாம் அருமையான புத்தகங்கள். பெண்கள் விடுதி ஒன்றில் நடக்கிற சிறுகதைகள். உப்பு எப்படி ஊர் ஊராகப் போனது என்று ஒரு சரித்திரம். கலங்கரை விளக்கத்தில் வேலை பார்த்த ஒருவரின் தன்வரலாறு. அதைக் கீழே வைத்துவிட்டு ஜன்னலைத் திறந்தால் கடல் இருக்கும் என்று தோன்றிவிட்டது. ஒன்று முடிந்து, அடுத்து இப்படி ஒன்று கிடைத்தால் தேவலையே என்று மனசு நினைக்கும், வாயும் முணுமுணுக்கும். அது வந்து நிற்கும்.

என் வாழ்க்கையில் கேட்டது எதுவும் அப்படி வந்ததில்லை. அடித்துப் பிடுங்கித்தான் வந்திருக்கிறது.

உட்கார்ந்து சோதித்தேன். மூன்று விஷயம். ஒன்று, எல்லாப் புத்தகத்திலும் கறை ஒரே அளவு, சின்ன விரல். இரண்டு, முதல் தாள் கிழித்து எடுக்கப்பட்டிருந்தது. திருட்டு மாலாக இருக்குமோ? மூன்று, வாடை. கற்பூரம் இல்லை, ஓமம் இல்லை. கரிசலாங்கண்ணி போட்டுக் காய்ச்சின தேங்காயெண்ணெய். என் வீட்டு அடுக்களையில் காய்ச்சுகிற எண்ணெய்.

முதலில் பேச்சியம்மாளைப் பிடித்தேன். "ஏட்டி, நீ புத்தகத்துக்கு எண்ணெ தேச்சியா?"

"ஆமா, ஒங்க தலைக்குத் தேச்சுவிடவே எனக்கு நேரம் இல்ல. இதுல புத்தகத்துக்கு வேறயா?" என்றாள்.

அவள் இல்லை. பொய் சொன்னால் முந்தானையைச் சரிசெய்வாள், செய்யவில்லை.

பொறி வைத்தேன். சாப்பிடும்போது, யாரையும் பார்க்காமல், யானையைப் பற்றி எவனாவது ஒழுங்காக எழுதியிருக்கிறானா என்று முணுமுணுத்தேன். சில நாளில் மூன்றாம் நம்பர் அறையில் யானைப் புத்தகம். சரி, தற்செயலாக இருக்கலாம். அடுத்து, கப்பல் என்றேன். இது வரக் கொஞ்ச நாள் எடுத்தது. நடுவில் செல்வி பல் வலி என்று திருநெல்வேலிக்குப் பஸ் ஏறிப் போய்வந்தாள். அவள் வந்த மறுநாள் பன்னிரண்டாம் நம்பரில் கப்பல்.

பன்னிரண்டாம் நம்பரில் அதுவரை தங்கியிருந்தது புனலூர் மலையாளிக் குடும்பம். பில்லில் ஒரு வரி தமிழ் வாசிக்கத் தெரியாமல் என்னைக் கூப்பிட்டுக் கேட்ட குடும்பம்.

"எண்ணெதான் பொய்"

கப்பலைக் கையில் பிடித்துக்கொண்டு பின்கட்டுக்குப் போனேன். செல்வி பேத்திக்குத் தலை வாரிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் எண்ணெய்க் கிண்ணம்.

"இது என்ன எண்ணெம்மா?"

அவள் பதறவில்லை. சீப்பைக் கீழே வைத்தாள். "தலைக்குத் தேய்க்க எண்ணெ, மாமா."

"எதுக்கு இந்த வேல?"

"நான் நேரா குடுத்தா வாசிப்பீங்களா? இதுல ஒனக்கு என்ன லாபம்னு கேப்பீங்க."

"சரி, என்ன லாபம்?"

"பாத்தீங்களா" என்றாள். சிரிப்பை அடக்கிக்கொண்டு சொன்னாள்: "லாபம் இருக்கு மாமா. எனக்கு அந்த ஹால் வேணும். எவன் தொடுவான்னுதான வேண்டாம்னீங்க? நீங்களே தொட்டுட்டா அந்தக் காரணம் போயிரும்லா."

"நீ செஞ்சது ஏமாத்து."

"ஆமா. ஆனா எண்ணெதான் பொய். நீங்க வாசிச்சது நெசம்லா மாமா."

என் லாட்ஜில், என் அறையில், என் சோதனையைத் தெரிந்துகொண்டு என்னையே ஒருத்தி ஏமாற்றியிருக்கிறாள். எனக்குக் கோபம் வந்தது. மச்சினன் வக்கீலோடு வந்தபோதுகூட அவ்வளவு வரவில்லை. ஹாலும் கிடையாது, ஒன்றும் கிடையாது, சிவகிரிக்குப் போகிறதென்றால் போ என்று சொல்லிவிட்டேன். அவள் முகம் சுண்டிப்போனது. மறுபடி சீப்பை எடுத்துப் பேத்திக்கு ஜடை பின்னினாள்.

புத்தகம் எங்கேயிருந்து வந்தது என்று பார்க்க மொட்டை மாடிக்குப் போனேன். டிரங்குப் பெட்டிகளைத் திறந்தேன். வெண்கலமும் இல்லை, ஒன்றும் இல்லை. பூராவும் புத்தகம். பாதி காலியாகியிருந்தது. மிச்சமிருந்தவற்றின் முதல் தாளில் அழகான எழுத்தில் அவள் பெயரும் கல்லூரியின் பெயரும் இருந்தன. எனக்குத் தெரியக் கூடாதென்று அந்தத் தாளைத்தான் கிழித்திருக்கிறாள். கல்யாணத்துக்குக் கொண்டுவந்த சொந்தப் பொருளில் பக்கம் பக்கமாக எண்ணெய் தொட்டு வைத்திருக்கிறாள்.

தொட்டி நிரம்பி வழிகிற வரைக்கும் அங்கேயே நின்றேன். மோட்டாரை நிறுத்தத் தோன்றவில்லை.

அருவிக்குத் தடை

ஆடி முடியப் போகிறது. மலையில் பேய்மழை. அருவியில் தண்ணீர் செம்மண்ணாக விழுந்தது. போலீஸ் சங்கு ஊதிக் குளிக்கத் தடை போட்டார்கள். லாட்ஜ் நிறைய ஆள். கரண்ட் போனது, போனில் சிக்னல் போனது. ஜெனரேட்டருக்கு டீசல் மட்டாக இருந்தது. காலை பத்து மணிக்கே ஒவ்வொருத்தராகக் கீழே வந்து, குளிக்க முடியாவிட்டால் எதற்கு வாடகை என்று கேட்க ஆரம்பித்துவிட்டார்கள். அருவிக்கு நான் பொறுப்பா?

என் இரும்பு பீரோவின் சாவி இடுப்பில் இருந்தது. யாரும் சொல்லவில்லை. நானாக மேலே போனேன். லாட்ஜ் வாளிகளில் புத்தகங்களை அடுக்கி, பையன்களை விட்டு முன்ஹாலுக்கு இறக்கினேன். மைதீன் அடுப்பை அணைத்துவிட்டு வேடிக்கை பார்த்தான்.

ரொம்பச் சத்தம் போட்டவர் ஒரு பேங்க் அதிகாரி. அவர் கையில் பாம்புப் புத்தகத்தை வைத்தேன். கதை படிக்கிற வழக்கம் தனக்கு இல்லை என்றார்.

"இது கதை இல்ல சார், பாம்பு."

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். "நீங்க வாசிச்சிருக்கீங்களா?"

"வாசிச்சிருக்கேன். நடுவுல கொஞ்சம் இழுக்கும், பல்லக் கடிச்சுக்கிட்டுத் தாண்டிருங்க. அதுக்கு அப்புறந்தான் ராஜநாகம் கூடு கட்டுதது வருது."

உட்கார்ந்தார். புது ஜோடி ஒன்றுக்குப் பேயைக் கொடுத்தேன், ஒருத்தரை ஒருத்தர் பிடித்துக்கொள்ளட்டும் என்று. சங்கரன்கோவில் அம்மா ஒருவர், சொத்துத் தகராறில் கோர்ட்டுக்கு நடக்கிறவர் என்று பேச்சில் தெரிந்தது. அவருக்குக் குளிர் தேசத்து அண்ணன் தம்பிகள். கண்ணாடியைக் கொண்டுவரவில்லை என்றார். அவர் மகள் சத்தமாக வாசிக்க, நாலு பேர் சுற்றி உட்கார்ந்துவிட்டார்கள். எது வேண்டாம் என்றும் சொன்னேன். சுமாரான இரண்டை வாளியிலேயே விட்டேன்.

மழை தகரத்தில் அடிக்கிற சத்தம், தாள் புரளுகிற சத்தம். வாடகைப் பேச்சை யாரும் எடுக்கவில்லை.

மைதீன் துபாயில் கடை வைத்திருந்துவிட்டுத் திரும்பின ஆள். அவன் என் பக்கத்தில் வந்து சொன்னான்: "அண்ணாச்சி, என் சிப்ஸ நீங்க இப்படி ஒரு நாள் நின்னு வித்துக் குடுத்திருந்தா நான் துபாய்க்கே போயிருக்க மாட்டேன்."

திரும்பிப் பார்த்தேன். பின்கட்டுக் கதவில் செல்வி பேத்தியை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றாள். எவ்வளவு நேரமாக நின்றாளோ. பேங்க் அதிகாரி மறுநாள் அறையைக் காலி செய்ய வேண்டியவர். இன்னும் ஒரு நாள் இருக்கிறேன் என்றார். பாம்பு முடியவில்லையாம்.

இரவுச் சாப்பாட்டில் அவளிடம் சொன்னேன். "சிவகிரிக்கு போன் போட்டு வரலன்னு சொல்லிரு."

"நெசமாவா மாமா?"

"நான் சந்தேகப்படலாம். நீ படக் கூடாது."

பேச்சியம்மாள் எனக்கு இன்னொரு கரண்டி சோறு போட்டாள். நான் கேட்கவே இல்லை.

இப்போது

மைதீன் அடுப்பைப் பக்கவாட்டுப் படிக்கட்டுக்கு மாற்றிக்கொண்டான், வியாபாரம் குறையவில்லை. ஹால் முழுக்க இப்போது புத்தகம். உள்ளே நுழைகிற இடத்தில் கை கழுவ அரப்புத் தூளும் குழாயும் வைத்திருக்கிறாள் செல்வி. எண்ணெய்க் கையோடு யாரும் தொடக் கூடாதாம். ஆகவே கறையைப் பார்த்துக் கண்டுபிடிக்கிற வழி அடைபட்டுவிட்டது.

வேறு வழி? நானே முதலில் வாசிக்கிறேன். சென்னையிலிருந்து பார்சல் வந்தால் பிரிக்கிறது நான். நாவல், வரலாறு, விவசாயம், விஞ்ஞானம், சமையல்கூட. நான் சரி என்றால்தான் முன் அலமாரி. அவள் எல்லாவற்றுக்கும் தலையாட்ட மாட்டாள். கவிதையில் எங்களுக்குச் சண்டை. தாளுக்குக் காசு வாங்கிவிட்டுப் பாதியை வெள்ளையாக விடுகிறார்களே, அது என்ன நியாயம்? ஆனால் கிணறு தோண்டுகிறவர்களைப் பற்றி ஒரு கவிதைப் புத்தகம் வந்தது. மோட்டார் அறையில் நின்றபடியே முடித்தேன். அதை மட்டும் முன்னால் வைக்கச் சொன்னேன். ஏன் என்று அவள் கேட்கவில்லை, நல்ல பிள்ளை.

செங்கோட்டையிலிருந்து வருகிறார்கள், தென்காசியிலிருந்து வருகிறார்கள். வந்ததும் புதுசா என்ன இருக்கு அண்ணாச்சி என்று என்னைத்தான் கேட்கிறார்கள்.

இப்போது போர்டு விஷயம். என் மகன் லீவில் வந்தபோது ஹாலுக்குப் போர்டு எழுத ஏற்பாடு செய்தான். மேலே "நிர்வாகம்: தங்கச்செல்வி". சந்தோஷம், அவள் உழைப்பு. கீழே சின்ன எழுத்தில் "இட உதவி" என்று போட்டு என் பெயர். போன மாதம் யூடியூப் பையன்கள் படம் எடுத்தார்கள்; அதிலும் நான் "கட்டட உரிமையாளர்". ஹாலைக் காட்டினார்கள், தரையைக் காட்டினார்கள், நான் நாற்காலியில் உட்கார்ந்திருப்பதைக் காட்டினார்கள். என் மடியில் விரித்தபடி இருந்த புத்தகத்தைக் காட்டவில்லை.

இது யாரோ வேண்டுமென்றே செய்கிறது என்று நான் சொல்லவில்லை. சொல்லாமலும் இல்லை.

இடத்தை எவனும் கொடுக்கலாம். கையில் நாலு காசு சேர்ந்தவன் சத்திரத்துக்கும் கொடுப்பான், சங்கத்துக்கும் கொடுப்பான். அங்கே அலமாரியில் நிற்கிற ஒவ்வொன்றையும் உதடு அசைய, வரி வரியாக, கண் கலங்கி, சில நேரம் திட்டிக்கொண்டு கடைசித் தாள் வரைக்கும் போய் வந்தவன் நான். அது இட உதவி ஆகாது.

வீட்டில் வாய்விட்டுக் கேட்டால் சிரிப்பார்கள். அதனால் அச்சில் கேட்கிறேன். "இட உதவி" என்கிற வரியை அழித்துவிட வேண்டும். செல்வியின் பெயருக்குக் கீழே, அதே உயரத்து எழுத்தில், "முதலில் வாசித்தவர்" என்று போட்டு என் பெயரை எழுத வேண்டும்.